லிட்டர் விலையைப் பார்த்து எஞ்சின் ஆயில் வாங்குவதை நிறுத்துங்கள்: வாகன நிர்வாகிகளுக்கு ஒரு திறந்த மடல்

பஸ், லாரி, வேன் என்று பத்து வண்டியோ ஆயிரம் வண்டியோ வைத்து ஓட்டும் நிறுவனங்களின் மேலாளர்களுக்கும், அவற்றின் கொள்முதல் குழுவில் இருப்பவர்களுக்கும்,

வணக்கம். நேராக விஷயத்துக்கு வருகிறேன். நீங்கள் எஞ்சின் ஆயில் வாங்கும் முறை சரியில்லை. லிட்டர் என்ன விலை என்று கேட்கிறீர்கள், குறைவாகச் சொன்னவருக்கு ஆர்டர் கொடுக்கிறீர்கள், கோப்பை மூடிவிடுகிறீர்கள். அந்த ஆயில் எத்தனை கிலோமீட்டர் தாங்கும், அதை ஊற்றினால் வண்டி எவ்வளவு டீசல் குடிக்கும், வருடக் கடைசியில் எத்தனை பீப்பாய் பழைய ஆயில் சேரும், அதை யார் எங்கே கொண்டுபோகிறார்கள் என்ற கேள்விகளுக்கு உங்கள் விலை ஒப்பீட்டுத் தாளில் ஒரு கட்டம்கூடக் கிடையாது. நான் பராமரிப்புப் பக்கத்தில் வேலை செய்கிறவன். ஒவ்வொரு முறையும் சிந்தெடிக் ஆயில் (மூலக்கூறுகளைச் செயற்கையாகச் சீராக்கித் தயாரிப்பது) பற்றிப் பேச்செடுத்தால் "அது விலை அதிகம், கார் வைத்திருப்பவர்களுக்குச் சரி, நமக்கு எதற்கு" என்று ஒரே பதில்தான் வருகிறது. கணக்குப் போட்டுப் பார்த்துவிட்டு அப்படிச் சொன்னால் ஏற்றுக்கொள்ளலாம், ஆனால் யாரும் கணக்குப் போடுவதே இல்லை, அதனால் நானே போட்டுக் காட்டுகிறேன்.

கணக்குக்காக ஒரு உதாரணம் எடுத்துக்கொள்வோம். 100 லாரிகள், ஒவ்வொன்றும் வருடத்துக்கு 1,00,000 கிலோமீட்டர் ஓடுகிறது, எஞ்சினில் 30 லிட்டர் ஆயில் பிடிக்கிறது. சாதாரண மினரல் ஆயிலை 20,000 கிலோமீட்டருக்கு ஒரு முறை மாற்றுகிறீர்கள் என்றால் வண்டிக்கு ஐந்து முறை, 150 லிட்டர், நூறு வண்டிக்கும் சேர்த்து 15,000 லிட்டர். நல்ல சிந்தெடிக் ஆயில் ஊற்றி, எஞ்சின் தயாரிப்பாளர் அனுமதிக்கும் எல்லைக்குள் 50,000 கிலோமீட்டர் வரை ஓட்ட முடிந்தால் இரண்டே முறை, 60 லிட்டர், மொத்தம் 6,000 லிட்டர். இப்போது பாருங்கள், சிந்தெடிக் ஆயிலின் லிட்டர் விலை மினரலைப் போல இரண்டரை மடங்கு இருந்தால்கூட ஆயில் செலவு இரண்டு பக்கமும் சமமாகத்தான் வரும், ஒரு பைசா கூடாது. லிட்டர் விலையை மட்டும் பார்க்கும் தாளில் இரண்டரை மடங்கு என்று பயமுறுத்தும் அதே ஆயில், கிலோமீட்டர் கணக்கில் வேறு மாதிரி நிற்கிறது. இதற்கு மேல் வருவதெல்லாம் மிச்சம்: வருடத்துக்கு 300 முறை குறைவாக வண்டியைப் பணிமனைக்குள் நிறுத்துகிறீர்கள், 300 முறை குறைவாக ஃபில்டர் மாற்றுகிறீர்கள் (நீண்ட நாள் தாங்கும் ஃபில்டர் கொஞ்சம் விலை கூடுதல்தான், அதையும் கணக்கில் சேருங்கள்), மெக்கானிக்கின் நேரம் மிஞ்சுகிறது, அந்த 300 தடவையும் வண்டி சாலையில் ஓடிச் சம்பாதிக்கிறது. வண்டி நிற்கும் நேரத்துக்கு விலை போடாத நிறுவனங்கள்தான் அதிகம், ஏனென்றால் அது எந்த பில்லிலும் வருவதில்லை.

ஆனாலும் ஆயில் செலவு இந்தக் கதையில் சின்னப் பங்குதான். பெரிய பங்கு டீசல். அதே லாரி 100 கிலோமீட்டருக்கு 30 லிட்டர் குடித்தால் வருடத்துக்கு 30,000 லிட்டர். அதில் நூற்றுக்கு ஒன்று மிச்சமானால் 300 லிட்டர். அந்த வண்டிக்கு வருடம் முழுக்கத் தேவைப்படும் சிந்தெடிக் ஆயில் 60 லிட்டர்தான் என்று மேலே பார்த்தோம், ஆக ஒரு லிட்டர் சிந்தெடிக் ஆயில் ஐந்து லிட்டர் டீசல் விலைக்குச் சமம் என்று வைத்துக்கொண்டாலும், அந்த ஒரு சதவீதமே மொத்த ஆயில் செலவையும் கட்டிவிடுகிறது. ஒரு சதவீதம் என்பது வானத்தை வில்லாக வளைக்கும் விஷயம் இல்லை. எஞ்சினுக்குப் பரிந்துரைத்த தரத்தை விட்டுவிட்டு அதைவிடத் தடிப்பான ஆயிலை ஊற்றினாலே, உதாரணத்துக்கு 5டபிள்யூ-30 கேட்கும் பெட்ரோல் காரில் 10டபிள்யூ-30 ஊற்றினால் (இந்த எண்கள் ஆயிலின் தடிப்பைக் குறிப்பவை), மைலேஜ் 1 முதல் 2 சதவீதம் குறையும் என்று அமெரிக்க எரிசக்தித் துறையே வாகன ஓட்டிகளுக்குச் சொல்லிவருகிறது. கனரக டீசல் எஞ்சின்களிலும் இயக்கம் அதே மாதிரிதான், பாகுத்தன்மை கூடினால் ஆயிலைப் பம்ப் செய்யவும் பேரிங்குகளுக்குள் அதை அறுத்துக்கொண்டு தண்டு சுழலவும் எஞ்சின் கூடுதல் சக்தி செலவழிக்கிறது, அந்தச் சக்தி டீசலிலிருந்துதான் வருகிறது.

சரி, சிந்தெடிக் ஆயில் ஏன் கூடுதலாகத் தாங்குகிறது? கச்சா எண்ணெயைச் சுத்திகரித்து எடுக்கும் மினரல் ஆயிலில் பலவகை மூலக்கூறுகள் கலந்து கிடக்கும், நீளமானது, குட்டையானது, மெழுகுத்தன்மை உள்ளது, கந்தகம் ஒட்டியது என்று. சூட்டில் குட்டையானவை ஆவியாகும், உறுதியில்லாதவை ஆக்ஸிஜனோடு சேர்ந்து அமிலமாகவும் கசடாகவும் மாறும், குளிரில் மெழுகு உறைந்து ஆயிலை ஓடவிடாமல் பிடித்துவைக்கும். அமெரிக்கப் பெட்ரோலிய நிறுவனமான ஏபிஐ அடிப்படை எண்ணெய்களை ஐந்து பிரிவுகளாகப் பிரித்திருக்கிறது. முதல் இரண்டும் வழக்கமான சுத்திகரிப்பு, அவற்றின் பாகுத்தன்மைக் குறியீடு 80-க்கும் 120-க்கும் இடையில். மூன்றாம் பிரிவு ஹைட்ரஜன் கொண்டு கடுமையாகச் சுத்திகரித்து மூலக்கூறுகளையே மாற்றியமைத்தது, குறியீடு 120-ம் அதற்கு மேலும். நான்காவது பாலி ஆல்ஃபா ஓலிஃபின், சின்ன மூலக்கூறுகளை ஒன்றோடொன்று கோத்துக் கட்டியது, அதனால் ஏறத்தாழ எல்லா மூலக்கூறும் ஒரே மாதிரி இருக்கும், மெழுகு கிடையாது, மைனஸ் 40 டிகிரிக்குப் பக்கத்திலும் ஊற்றினால் ஓடும். ஐந்தாவதில் எஸ்டர் போன்றவை வருகின்றன, விமானங்களின் ஜெட் எஞ்சின்களில் ஓடுவது இந்த எஸ்டர் வகைதான். பாகுத்தன்மைக் குறியீடு எவ்வளவு கூடுகிறதோ, சூட்டில் ஆயில் நீர்த்துப்போவதும் குளிரில் கெட்டியாவதும் அவ்வளவு குறையும் என்று அர்த்தம்.

ஆவியாவதைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்ல வேண்டும், ஏனென்றால் இதை யாரும் கவனிப்பதே இல்லை. நோவாக் என்று ஒரு சோதனை இருக்கிறது, ஆயிலை 250 டிகிரி சூட்டில் ஒரு மணி நேரம் வைத்து எடையில் எத்தனை சதவீதம் போகிறது என்று பார்ப்பார்கள். கனரக டீசல் எஞ்சின்களுக்கான ஏபிஐ சிகே-4 தரத்தில் 13 சதவீதம் வரை போகலாம். நல்ல சிந்தெடிக் ஆயில்களில் இது நன்றாகவே குறைவு. போகிற ஆயில் எங்கே போகிறது? எரிகிறது, புகைபோக்கி வழியாக வெளியே வருகிறது. நீங்கள் இடையிடையே ஊற்றும் டாப்-அப் ஆயிலின் ஒரு பங்கு இதுதான், அது மாற்றும் கணக்கில் வராமல் தனியாகக் கரைகிறது. இதோடு முடிவதில்லை. புதிய டீசல் வண்டிகளின் புகைக்குழாயில் துகள் வடிகட்டி இருக்கிறது, அதில் சேரும் புகைக்கரியை எஞ்சின் அவ்வப்போது சூடேற்றி எரித்துவிடும், ஆனால் ஆயிலில் கலந்த கால்சியம், மக்னீசியம், துத்தநாகம் இவற்றிலிருந்து வரும் சாம்பல் எரியாது, அங்கேயே படிந்துகொண்டே போகும், கடைசியில் வடிகட்டியைக் கழற்றிச் சுத்தம் செய்ய வேண்டும் அல்லது மாற்ற வேண்டும், அது எவ்வளவு பெரிய செலவு என்று அந்த பில்லைப் பார்த்தவர்களுக்குத் தெரியும். ஆகவே குறைந்த சாம்பல் தரம் (சிகே-4-ல் சல்ஃபேட் சாம்பல் 1 சதவீதத்தைத் தாண்டக்கூடாது) உள்ள ஆயிலாகவும், குறைவாக ஆவியாகிற ஆயிலாகவும் பார்த்து வாங்குவது அந்த வடிகட்டியின் ஆயுளையும் சேர்த்து வாங்குவதுதான்.

இனி சுற்றுச்சூழல். இங்கே நான் மிகைப்படுத்திச் சொல்ல விரும்பவில்லை, ஏனென்றால் விற்பனைக்காரர்கள் ஏற்கெனவே நிறைய மிகைப்படுத்திவிட்டார்கள். சிந்தெடிக் ஆயில் என்பதாலேயே அது பசுமையானது ஆகிவிடாது. பாலி ஆல்ஃபா ஓலிஃபின் தயாரிக்க, லிட்டருக்கு லிட்டர் பார்த்தால், மினரல் ஆயிலைவிடக் கூடுதல் ஆற்றல் செலவாகிறது. பயன்படுத்தி வடித்தபிறகு இரண்டும் ஒரே விஷம்தான், தேய்ந்த உலோகத்தூள், எரிபொருள் மிச்சம், புற்றுநோய் தரக்கூடிய பல வளைய ஹைட்ரோகார்பன்கள் எல்லாம் இரண்டிலும் சேர்கின்றன. நன்மை வருவது இரண்டு இடங்களிலிருந்து. ஒன்று, அளவு: மேலே சொன்ன கணக்கில் 15,000 லிட்டருக்குப் பதில் 6,000 லிட்டர், அதாவது 9,000 லிட்டர் பழைய ஆயில் உருவாகவே இல்லை. ஒரு வண்டியின் ஒரு முறை ஆயில் மாற்றத்தில் வரும் கழிவு மட்டும் பத்து லட்சம் கேலன், கிட்டத்தட்ட 38 லட்சம் லிட்டர், நல்ல தண்ணீரைக் கெடுத்துவிட முடியும் என்று அமெரிக்கச் சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமை சொல்கிறது. அது கார் அளவிலான நாலைந்து லிட்டருக்கு. லாரியின் 30 லிட்டர் என்ன செய்யும் என்று நீங்களே யோசியுங்கள்.

இரண்டாவது டீசல். ஒரு லிட்டர் டீசல் எரிந்தால் சுமார் 2.68 கிலோ கார்பன் டை ஆக்ஸைடு வருகிறது, டீசலை எடுக்க, சுத்திகரிக்க, கொண்டுவர ஆகும் புகை இதில் சேராது. வண்டிக்கு 300 லிட்டர் மிச்சம் என்றால் 800 கிலோவுக்கு மேல், நூறு வண்டிக்கு வருடத்தில் 80 டன். புதிய வண்டி வாங்காமல், வழித்தடம் மாற்றாமல், ஓட்டுநரிடம் ஒரு வார்த்தை கேட்காமல், ஊற்றுகிற ஆயிலை மாற்றியதால் மட்டும் கிடைப்பது இது. சுற்றுச்சூழல் அறிக்கை என்று வருடாவருடம் வழவழப்புத் தாளில் அச்சடிக்கிறீர்களே, அதில் போடுவதற்கு இதைவிட எளிதாக, மீட்டரில் அளந்து நிரூபிக்கக்கூடிய எண் கிடைப்பது கஷ்டம்.

எல்லா வண்டிக்கும் உடனே மாற்றுங்கள் என்று நான் சொல்லவில்லை. தேய்ந்துபோய் ஆயில் குடிக்கும் பழைய எஞ்சினில் விலை உயர்ந்த ஆயிலை ஊற்றுவது வீண், அங்கே மாற்றும் இடைவெளியைக் கூட்டவும் முடியாது, புகையாகப் போவதை நிறுத்தவும் முடியாது. கந்தகம் அதிகமுள்ள டீசல் கிடைக்கும் இடங்களில் ஓடும் வண்டிகளிலும் எச்சரிக்கை தேவை, எரிப்பில் உண்டாகும் அமிலம் ஆயிலின் காரத்தன்மைக் கையிருப்பைச் சீக்கிரமே தின்றுவிடும், அடிப்படை எண்ணெய் எவ்வளவு உறுதியானதாக இருந்தாலும் அந்தக் கையிருப்பு தீர்ந்தால் தீர்ந்ததுதான். நாளெல்லாம் எஞ்சினை ஓடவிட்டு நின்றுகொண்டே இருக்கும் வண்டிகள், குட்டிக்குட்டிப் பயணம் போகும் விநியோக வேன்கள், குப்பை அள்ளும் வண்டிகள் இவற்றுக்குக் கிலோமீட்டர் கணக்கே பொருந்தாது, எஞ்சின் ஓடிய மணிக்கணக்கைப் பார்க்க வேண்டும். ஆயில் சரியாகச் சூடேறாமல் எரிபொருளும் ஈரமும் அதில் கலந்துகொண்டே இருக்கும், இடைவெளியை நீட்டினால் எஞ்சின்தான் பாடுபடும். நீண்ட தூரம், நிலையான வேகம், நல்ல எரிபொருள், ஆரோக்கியமான எஞ்சின் இந்த நான்கும் இருக்கும் வண்டிகளில்தான் முழுப் பலன். உங்களிடம் அப்படி எத்தனை வண்டி இருக்கிறது என்று முதலில் பிரித்துப் பாருங்கள்.

மெல்லிய ஆயில் விஷயத்திலும் அவசரப்படாதீர்கள். 2016 டிசம்பரில் ஏபிஐ கனரக டீசலுக்கு இரண்டு தரங்களை ஒன்றாகக் கொண்டுவந்தது, சிகே-4, எஃப்ஏ-4. இரண்டாவது எரிபொருள் சிக்கனத்துக்காக மெல்லியதாக வடிவமைத்தது, 150 டிகிரி சூட்டில், பாகங்கள் ஆயிலை வேகமாக அறுத்துக்கொண்டு ஓடும் நிலையில், அதன் பாகுத்தன்மை 2.9-லிருந்து 3.2 வரைதான், சிகே-4-ல் அது குறைந்தது 3.5 இருக்க வேண்டும். கையேட்டில் எஃப்ஏ-4 போடலாம் என்று எழுதாத எஞ்சினில், டீசல் மிச்சமாகும் என்று நினைத்து அதை ஊற்றினால் பேரிங் தேய்ந்துபோகலாம், அப்படி ஆனால் மிச்சமெல்லாம் ஒரே பில்லில் போய்விடும். 15டபிள்யூ-40-ஐயே காலகாலமாக ஊற்றிக்கொண்டிருப்பவர்கள், கையேடு அனுமதித்தால், 10டபிள்யூ-30 அல்லது 5டபிள்யூ-30 சிகே-4 சிந்தெடிக்குக்கு மாறுவது நிதானமான முதல் படி. மினரலும் சிந்தெடிக்கும் ஒன்றோடொன்று கலந்தால் எஞ்சின் கெட்டுவிடும் என்று பணிமனைகளில் ஒரு பயம் உண்டு, அது தேவையில்லை, தரம் ஒன்றாக இருந்தால் கலக்கும், ஆனால் மினரலை டாப்-அப் செய்துகொண்டே சிந்தெடிக்கின் இடைவெளியை எதிர்பார்க்கக்கூடாது.

இதையெல்லாம்விட முக்கியமானது ஒன்று. இடைவெளியை நம்பிக்கையின் பேரில் நீட்டாதீர்கள், ஆயில் பரிசோதனை செய்து நீட்டுங்கள். நம் உடம்புக்கு ரத்தப் பரிசோதனை எப்படியோ அப்படித்தான் எஞ்சினுக்கு இது: ஓடிக்கொண்டிருக்கும் எஞ்சினிலிருந்து ஒரு சின்னக் குப்பி ஆயில் எடுத்து ஆய்வகத்துக்கு அனுப்பினால், இரும்பு எத்தனை பிபிஎம் (பத்து லட்சத்தில் எத்தனை பங்கு), தாமிரம் எத்தனை, சிலிக்கான் ஏறுகிறதா (ஏறினால் ஏர் ஃபில்டர் வழியாகத் தூசி உள்ளே போகிறது), சோடியமோ பொட்டாசியமோ தெரிகிறதா (தெரிந்தால் கூலண்ட் கசிகிறது), புகைக்கரி எவ்வளவு, டீசல் கலந்திருக்கிறதா, 100 டிகிரியில் பாகுத்தன்மை என்ன, காரத்தன்மைக் கையிருப்பு எவ்வளவு மிச்சம் என்று எல்லாமே ஒரு தாளில் வந்துவிடும். ஒரு எண்ணை மட்டும் பார்த்துப் பயனில்லை, அடுத்தடுத்து எடுத்த மாதிரிகளில் அது எந்தப் பக்கம் போகிறது என்பதுதான் விஷயம். இரும்பு சீராக ஏறினால் சாதாரணத் தேய்மானம், திடீரென்று குதித்தால் உள்ளே ஏதோ போகிறது, வண்டி நடுவழியில் நிற்பதற்கு முன்பே பிடித்துவிடலாம். சிந்தெடிக் ஆயிலே வேண்டாம் என்று முடிவு செய்தால்கூட இந்தப் பரிசோதனையை மட்டுமாவது தொடங்குங்கள் என்று கேட்டுக்கொள்வேன்.

இன்னொரு எச்சரிக்கை, இது என் அனுபவத்தில் பலரும் மறந்துபோகிற ஒன்று. ஆயில் மாற்ற வண்டி உள்ளே வரும்போதுதான் கிரீஸ் அடிப்பது, பிரேக் பார்ப்பது, பெல்ட், ஹோஸ், டயர் பார்ப்பது எல்லாம் நடக்கிறது. ஆயில் மாற்றும் இடைவெளியை நீட்டினால் அந்தப் பரிசோதனைகளும் சத்தமில்லாமல் நீண்டுவிடும். அவற்றுக்குத் தனி அட்டவணை போட்டுவிட்டுத்தான் இதில் இறங்க வேண்டும். ஓட்டுநர் டிப்ஸ்டிக் பார்க்கும் பழக்கமும் போய்விடக்கூடாது, நீண்ட நாள் ஆயில் என்றால் பார்க்கவே வேண்டாம் என்று யாரோ சொல்லி ஆயில் இல்லாமலே வண்டி ஓடும் நிலை வரக்கூடாது.

இப்போது உங்களிடம் கேட்பது என்ன என்று சொல்கிறேன். அடுத்த டெண்டரில் லிட்டர் விலைக்குப் பக்கத்தில் ஆயிரம் கிலோமீட்டருக்கு ஆகும் செலவு என்று ஒரு கட்டம் போடுங்கள், ஆயில், ஃபில்டர், கூலி, வண்டி நின்ற நேரம் எல்லாம் சேர்த்து. கேன் மேல் பெரிய எழுத்தில் என்ன அச்சடித்திருக்கிறது என்பதை வைத்து முடிவெடுக்காதீர்கள், மூன்றாம் பிரிவு எண்ணெயும் பல நாடுகளில் சிந்தெடிக் என்றே விற்கிறது, அதில் தவறில்லை, ஆனால் ஏபிஐ அல்லது ஏசிஇஏ (ஐரோப்பிய வாகனத் தயாரிப்பாளர் சங்கம்) தரம், எஞ்சின் தயாரிப்பாளரின் ஒப்புதல் எண், நோவாக் அளவு, சாம்பல் அளவு, காரத்தன்மை இந்த ஐந்தையும் எழுத்தில் வாங்குங்கள். எழுதித்தர மறுப்பவரை விட்டுவிடுங்கள். பிறகு ஒரே மாடல், ஒரே வழித்தடம், ஒரே சுமை என்று இருக்கும் வண்டிகளை இரண்டாகப் பிரித்து, பாதிக்குப் பழைய ஆயில், பாதிக்குச் சிந்தெடிக் ஊற்றி ஒரு வருடமாவது ஓட்டிப் பாருங்கள். ஒரு சதவீத டீசல் வித்தியாசம் ஒரு வண்டியிலோ ஒரு மாதத்திலோ கண்ணுக்குத் தெரியாது, ஓட்டுநர் மாறினாலே, டயரில் காற்றுக் குறைந்தாலே அதைவிடப் பெரிய வித்தியாசம் வரும். அதனால் இரண்டு வாரம் ஓட்டிவிட்டு "ஒன்றும் தெரியவில்லை" என்று கைவிட்டுவிடாதீர்கள், இப்படிக் கைவிட்டவர்கள்தான் அதிகம். உத்தரவாதக் காலத்தில் இருக்கும் வண்டிகளில் தயாரிப்பாளரின் எழுத்துபூர்வமான சம்மதம் இல்லாமல் இடைவெளியைத் தொடவே வேண்டாம்.

பழைய ஆயிலுக்கு ஒரு பதிவேடு வையுங்கள். எத்தனை லிட்டர் உள்ளே வந்தது, எத்தனை லிட்டர் வடித்தது, யார் எடுத்துப்போனார், அவருக்கு அனுமதி இருக்கிறதா. ஒரு கேலன் பழைய ஆயிலை மறுசுத்திகரித்தால் அதில் ஐந்தில் மூன்று பங்குக்கு மேல் நல்ல மசகு எண்ணெயாகத் திரும்பக் கிடைக்கும், அதே அளவைக் கச்சா எண்ணெயிலிருந்து எடுக்க 42 கேலன் தேவை என்கிறது அதே அமெரிக்கச் சுற்றுச்சூழல் முகமை. அப்படிப்பட்ட பொருளை, கூடுதல் விலை தருகிறார் என்பதற்காக அடுப்பில் எரிப்பவரிடம் விற்பதும், மண்ணில் தூசி அடங்கத் தெளிக்கிறேன் என்பவரிடம் கொடுப்பதும் நடந்துகொண்டுதான் இருக்கிறது, உங்கள் பதிவேட்டில் அந்த வரி இல்லாததால் உங்களுக்குத் தெரியாமலே நடக்கிறது. குறைவாக உருவாக்குவது முதல் வேலை, உருவானதை மறுசுத்திகரிப்பாளரிடமே சேர்ப்பது இரண்டாவது. இரண்டையும் கொள்முதல் பிரிவும் பராமரிப்புப் பிரிவும் ஒரே மேசையில் உட்கார்ந்து பேசினால்தான் செய்ய முடியும். விலை ஒப்பீட்டுத் தாளை மாற்றி எழுதும் அந்தக் கூட்டத்துக்குப் பணிமனையிலிருந்து ஒருவரைக் கட்டாயம் கூப்பிடுங்கள், கணக்குகளோடு வருகிறோம்.

அன்புடன்,
ஒரு பராமரிப்புப் பணியாளர்